எல்லைக்கு இப்புறமும் அப்புறமும்

ஈஜிபுராவின் நெருக்கமான தெருக்களில் வசிக்கும் தமிழ்க் குடும்பங்களில், பிள்ளை இரண்டாம் பி.யூ.சி.யை முடித்தவுடன் எழுகிற விவாதங்களுள் ஒன்று, பெங்களூரிலேயே பொறியியல் சேர்ப்பதா, அத்திப்பள்ளியைத் தாண்டி ஓசூருக்கு அனுப்புவதா என்பது. தூரம் நாற்பது கிலோமீட்டருக்குள்தான். ஆயினும் மாநில எல்லையைக் கடந்த மாத்திரத்தில் பட்டம் வழங்கும் சர்வகலாசாலையே மாறிவிடுகிறது. இப்புறத்துப் பொறியியல் கல்லூரிகளில் பெரும்பாலானவை, 1998-இல் பெலகாவியைத் தலைமையிடமாகக் கொண்டு தோன்றிய விசுவேசுவரய்யா தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தோடு, அதாவது எல்லாரும் வி.டி.யு. என்று சொல்லும் ஸ்தாபனத்தோடு, இணைந்தவை. அப்புறத்தவை அண்ணா பல்கலைக்கழகத்தோடு இணைந்தவை. இரு புறத்துக்கும் பொதுவாக நிற்பது டில்லியிலுள்ள அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழுவின், அதாவது ஏ.ஐ.சி.டி.இ.யின், அங்கீகாரம்.

இணைப்பும் அங்கீகாரமும் ஒன்றே என்று பெற்றோர் பலர் எண்ணுகிறார்கள். இடம் பிடித்துத் தரும் தரகர்களுக்கு அந்த மயக்கம் சௌகரியமாகவே இருக்கிறது. பாடத்திட்டம், பரீட்சை, பட்டம் ஆகியவை இணைப்பைச் சார்ந்தவை. கட்டடம், ஆய்வுக்கூடம், ஆசிரியர் எண்ணிக்கை, எந்தப் பிரிவில் எத்தனை மாணவர் என்பன அங்கீகாரத்தைச் சார்ந்தவை. 1945-இல் ஆலோசனைச் சபையாகத் தொடங்கிய ஏ.ஐ.சி.டி.இ.க்கு, 1987-ஆம் ஆண்டுச் சட்டமே உண்மையான அதிகாரத்தை அளித்தது. அது அனுப்பும் அனுமதிக் கடிதத்தை ஒரு முறையேனும் வாசித்துப் பார்த்தால், அங்கீகாரம் என்பது கல்லூரியின் பெயருக்கு மொத்தமாகவும் நிரந்தரமாகவும் சூட்டப்பட்ட பட்டமன்று, கணினி அறிவியலுக்கு இத்தனை இடம், இயந்திரவியலுக்கு இத்தனை இடம் என்று பிரிவு பிரிவாக, பொதுவாக ஆண்டுக்கு ஆண்டு, அளந்து கொடுக்கப்படுவது என்பது புலப்படும். வாசலில் தொங்கும் விளம்பரப் பலகை இந்த விவரத்தைச் சொல்வதில்லை.

இரண்டு அதிகாரங்களும் முரண்பட்டால் எதன் சொல் நிற்கும் என்ற கேள்விக்கு விடை கிடைத்ததும் இதே ஓசூரில் எழுந்த ஒரு வழக்கில்தான். அதியமான் கல்வி ஆராய்ச்சி நிறுவனத்தின் பொறியியல் கல்லூரிக்குத் தந்திருந்த அனுமதியை மாநில அரசும், அந்நாளில் அது பெற்றிருந்த இணைப்பைச் சென்னைப் பல்கலைக்கழகமும் ரத்து செய்ய முற்பட்டபோது விவகாரம் நீதிமன்றம் ஏறி, இறுதியில் உச்ச நீதிமன்றத்தை அடைந்தது. தொழில்நுட்பக் கல்வியின் தரத்தை ஒருங்கிணைப்பதும் நிர்ணயிப்பதும் அரசியல் சட்டப்படி மத்திய அரசுக்குரிய விஷயமாதலின், மத்தியச் சட்டத்தோடு முரண்படும் அளவில் மாநிலச் சட்டம் செல்லாது என்று 1995-இல் தீர்ப்பாயிற்று. தனியார் கல்லூரிகளுக்கு இது பெரிய அரணாக அமைந்தது. அருகிலிருந்து பார்க்கக்கூடிய மாநிலத்தின் கை கட்டப்பட்டுத் தொலைவிலுள்ள டில்லியின் கை ஓங்கியது முழுதும் நன்மைதானா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. சர்வகலாசாலைகளின் நிலை வேறு: அவை தாமே தொடங்கும் தொழில்நுட்பப் படிப்புகளுக்கு ஏ.ஐ.சி.டி.இ.யின் முன்னனுமதி தேவையில்லை என்று பாரதிதாசன் பல்கலைக்கழக வழக்கில் 2001-இல் அதே நீதிமன்றம் கூறியது.

இத்தனை ஏற்பாடு இருந்தும் கண்காணிப்பு எவ்வளவு எளிதில் ஏமாறும் என்பதை 2024-ஆம் ஆண்டு காட்டிற்று. அண்ணா பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரிகளில் 353 ஆசிரியர்கள் ஒன்றுக்கு மேற்பட்ட இடங்களில் முழுநேரப் பணியிலிருப்பதாகக் கணக்குக் காட்டப்பட்டிருப்பதை ஊழல் எதிர்ப்பு அமைப்பான அறப்போர் இயக்கம் ஆதாரத்தோடு வெளியிட்டது. பதினைந்து மாணவருக்கு ஓர் ஆசிரியர் என்றிருந்த விதியை 2018-இல் ஏ.ஐ.சி.டி.இ. இருபதுக்கு ஒருவர் எனத் தளர்த்திய பின்னரும், ஆட்களுக்குப் பதில் பெயர்களை வைத்தே எண்ணிக்கையை நிரப்பியிருக்கிறார்கள். ஆய்வுக்குழு வருகிற தினத்தில் பதிவேடுகள் ஒழுங்காக இருக்கும். மறுநாள் வகுப்பில் யார் நிற்கிறார் என்பதைக் குழு காண்பதில்லை.

ஆகையால் ஈஜிபுராவிலிருந்து ஓசூருக்குப் புறப்படுகிற தகப்பனார், நடப்பு ஆண்டின் அனுமதிக் கடிதத்தில் தம் பிள்ளை விரும்பும் பிரிவு இருக்கிறதா என்று பார்த்து, இணைப்புப் பட்டியலில் அக்கல்லூரியின் பெயரையும் சரிபார்த்த பிறகு, மூன்றாம் ஆண்டு மாணவர் இருவரை மரத்தடியில் நிறுத்தி, சென்ற பருவத்தில் எந்தெந்தப் பாடத்தை யார் நடத்தினார் என்றும் விசாரித்துவிட்டு வரலாம்.