மன்றோவின் நிலக்கணக்கும் மலைமக்களின் உரிமையும்

1780இல் இளம் படைவீரராகச் சென்னைக்கு வந்து ஹைதர் அலிக்கு எதிரான போரில் பங்கேற்ற தாமஸ் மன்றோ, 1820இல் சென்னை மாகாண ஆளுநரானார். அவரை நிர்வாகியாக வார்த்தெடுத்தது சேலம், பாராமகால் சீமை. 1792இல் திப்பு சுல்தானிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கைமாறிய அந்த நிலப்பரப்பில், அதை நிர்வகித்த அலெக்சாண்டர் ரீடின் உதவியாளராக 1799 வரை பணியாற்றினார். இடைத்தரகர் இல்லாமல் உழவரிடமே அரசு வரி வாங்கும் ரயத்துவாரி முறை அங்கேதான் உருப்பெற்றது. உழவர்மீது அவருக்கிருந்த பரிவு உண்மையானது. ஆனால் ஆள்பவரின் பரிவு, குடிமக்களின் உரிமைக்கு ஈடாகாது என்பதற்கு அச்சீமையின் தென்கோடியிலுள்ள கொல்லிமலையே சான்று.

தனித்தனி வயலை அளந்து, ஆண்டுதோறும் வரி கேட்கும் கணக்கு சமவெளிக்குப் பொருந்தலாம். சாமையும் தினையும் விளைவித்தபின் நிலத்தைத் தரிசாக விட்டு, வேறிடத்தில் பயிரிட்ட கொல்லிமலையின் மலையாளிப் பழங்குடியினரின் வேளாண்மை அதற்குள் எப்படி அடங்கும்? காட்டைப் பொறுத்தவரை, மலபாரில் கம்பெனியின் மர ஏகபோகத்தை ஒழித்தவரே மன்றோதானே என்று கேட்கலாம். ஆம், அது நேர்மையான முடிவு. எனினும் அது ஓர் ஆளுநரின் முடிவாகவே நின்றது. மக்களின் கையில் உரிமையாகச் சேரவில்லை. அதனால்தான் 1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டத்தால் காடுகளை எளிதாக அரசின் பிடிக்குள் கொண்டுவர முடிந்தது. 2006இல் வந்த வன உரிமைச் சட்டம் மலைமக்களின் உரிமையை எழுத்தில் ஏற்றது. நல்ல ஆளுநரைப் போற்றுவதைவிட, அந்த எழுத்தை முழுமையாக நிறைவேற்றுவதே நம் கடமை.