எல்லைக் கிராமத்தின் இன்னொரு எல்லை

களியக்காவிளையிலிருந்து பாறசாலைக்குப் போகும் பஸ்ஸில் கண்ணயர்ந்தவருக்கு மாநிலம் மாறியதே தெரியாது. இங்கும் ரப்பர், மரச்சீனி, அங்கும் அவையே. 1956 நவம்பர் 1-ல் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் சென்னை மாநிலத்துக்கு வந்தன. நேசமணியின் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே தங்கிவிட்டது. மாநிலம்தான் வேறானது. இருபுறமும் எல்லோரும் இந்தியப் பிரஜைகளாகவே இருந்தார்கள்.

இப்போது அந்த அடையாளம்தான் கேள்விக்குள்ளாகிறது, அதுவும் ஒரே வீட்டுக்குள். துபாயில் முப்பது வருடம் உழைத்தாலும் அண்ணன் இந்தியர்தான். வளைகுடா நாடுகள் வேலை தரும். குடியுரிமையை லேசில் தருவதில்லை. 2011 முதல் அவர் வெளிநாடுவாழ் வாக்காளராகப் பெயரைப் பதிந்து, தேர்தலன்று ஊருக்கு வந்து ஓட்டுப் போடலாம். லண்டனில் நர்ஸாக இருந்து பிரிட்டிஷ் பிரஜையாகிவிட்ட தங்கைக்கு அந்த ஓட்டு கிடையாது. இத்தனைக்கும் பழைய குடியுரிமையை விடச் சொல்வது பிரிட்டன் அல்ல, இந்தியா.

பலர் குழம்புவது இங்கேதான். பாஸ்போர்ட்டை ஒப்படைக்கும்வரை இந்தியர்தான் என்று நினைக்கிறார்கள். 1955-ம் வருடக் குடியுரிமைச் சட்டத்தின் 9-வது பிரிவின்படி, விரும்பி வேறு நாட்டுக் குடியுரிமை பெற்ற அன்றே இந்தியக் குடியுரிமை போய்விடுகிறது. தூதரகத்தில் தரும் சான்றிதழ், முடிந்துபோன விஷயத்துக்கான ரசீது. ரத்து முத்திரை குத்திய பாஸ்போர்ட்டைத் திருப்பித் தருவார்கள், ஞாபகார்த்தமாக. 2011-ல் இப்படிக் குடியுரிமையைத் துறந்தவர்கள் 1,22,819 பேர். 2022-ல் 2,25,620 பேர்.

பூர்வீக ரப்பர் தோட்டம் பறிபோகுமோ என்ற பயம் வேண்டாம். வாரிசாக வருவதைச் சட்டம் தடுப்பதில்லை. ஆனால் விற்பதென்றால், இந்தியாவில் வசிக்கும் இந்தியப் பிரஜைக்குத்தான் விற்கலாம். வெளிநாட்டில் இருந்துகொண்டு புதிதாக விவசாய நிலமோ தோட்டமோ வாங்க முடியாது. இந்தத் தடை துபாய் அண்ணனுக்கும் உண்டு. ஊர் திரும்பிக் குடியேறிவிட்டால் அவருக்கு அது நீங்கிவிடும்.

2005-ல் வந்த 'வெளிநாடுவாழ் இந்தியக் குடிமகன்' அட்டை, பெயரில்தான் குடிமகன். ஆயுள் முழுக்க விசா இல்லாமல் வந்துபோகலாம். ஓட்டும் இல்லை, தேர்தலில் நிற்கவும் முடியாது. 2021-ல் மத்திய அரசு இன்னொரு நிபந்தனையை உறுதிப்படுத்தியது: அட்டைதாரர்கள் மதப் பிரசாரப் பணி செய்யச் சிறப்பு அனுமதி வேண்டும். சர்ச் இல்லாத தெருவைத் தேடவேண்டிய பிரதேசம் இது. 1806-ல் ஜெர்மானியரான ரிங்கல்தௌபே மயிலாடிக்கு வந்து மிஷன் பணியைத் தொடங்கினார். இன்று பாறசாலையில் பிறந்து பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வாங்கியவர் அதே பணிக்காகத் திரும்பி வந்தால், முதலில் விண்ணப்பம் போட வேண்டும்.

திரும்பவும் இந்தியராக வழி இருக்கிறது. அட்டை வாங்கி ஐந்து வருடம் ஆகியிருக்க வேண்டும். விண்ணப்பிக்கும் முன் பன்னிரண்டு மாதம் இங்கே வசித்திருக்க வேண்டும். கூடவே பிரிட்டிஷ் குடியுரிமையையும் துறக்க வேண்டும்.