தங்கவயலும் தமிழ்த் தொழிலாளரும்

சுரங்க வரலாறு பெரும்பாலும் எடுக்கப்பட்ட பொருளின் அளவு கொண்டே எழுதப்பெறுகின்றது. எடுத்தோர் அதன்கண் ஒரு குறிப்பாகவே நின்றுவிடுகின்றனர். கருநாடகத்துக் கோலார் தங்கவயல் ஏறத்தாழ 800 டன் பொன் ஈந்தது என்பர். அப்பொன்னை எடுத்த மக்களைப் பற்றி ஈண்டுச் சிறிது ஆராய்வோம்.

1880 முதல் ஜான் டெய்லர் கம்பெனியார் இவ்வயலில் பொன்னகழ்ந்தனர். வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளினின்றும் தமிழ் மக்கள் பெருந்தொகையினராய் வந்து குடியேறினர். அவருட் பலர் ஒடுக்கப்பட்ட வகுப்பினர். நில உரிமை இன்மையும் சாதிக் கொடுமையும் அவர்களை ஊரினின்றும் பெயர்த்தன. 1902-இல், பெங்களூர் நகர் மின்னொளி காண்பதற்கு முன்னரே, சிவசமுத்திரத்து மின்சாரம் இங்கு வந்தது; எனினும் அது சுரங்கப் பொறிகளை இயக்குதற்பொருட்டே வந்ததாகும். தொழிலாளரோ மூங்கில் தட்டிக் குடிசைகளில் வாழ்ந்தனர்.

சாம்பியன் ரீப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட ஆழம் உடையது. பாறையை அகழ அகழ, மேலுள்ள நிலத்தின் சுமை முழுவதும் எஞ்சிய பாறையின்மீது அழுந்தும். தாங்கவியலாத நிலையில் அது திடீரெனச் சிதறும். இதுவே பாறை வெடிப்பு. இதனால் மாண்டோர் பலர். உயிர் தப்பினோருள்ளும் பலரை, மூச்சோடு உட்சென்ற படிகக்கல் தூசி நுரையீரல் நோய்க்கு ஆளாக்கியது.

ஆயினும் இவர்கள் கூலிக்கூட்டமாக மட்டும் வாழ்ந்தாரல்லர். அயோத்திதாசரின் பௌத்த இயக்கம் மாரிக்குப்பத்தில் வேரூன்றியது. தங்கவயலில் இயங்கிய சித்தார்த்த புத்தகசாலை அவர்தம் நூல்களை அச்சிட்டு வெளியிட்டது. 1930-இல் கைரேகைப் பதிவை எதிர்த்துத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். இவற்றால், தம்மைக் குற்றவாளிபோற் கருதுதலைப் பொறாத தன்மதிப்பும், நூல்வழி அறிவு தேடும் வேட்கையும் இம்மக்களிடத்து ஒருங்கே வளர்ந்தமை புலனாகும்.

1956-இல் சுரங்கங்கள் அரசுடைமையாயின. 1972-இல் பாரத் தங்கச் சுரங்க நிறுவனத்தின்கீழ் வந்தன. 2001 பிப்ரவரி 28-ஆம் நாள் மூடப்பெற்றன. சயனைடு கலந்த மண்மேடுகள் எஞ்சின. சுரங்கத் தொழிலாளரின் வழித்தோன்றல்கள் பலர் நாள்தோறும் புகைவண்டியேறிப் பெங்களூர் சென்று பிழைப்பாராயினர்.

பொன்னின் கணக்கு ஏடுகளில் உள்ளது. நிலத்தடியில் வழங்கிய தொழிற்சொற்களும், தொழிலாளர் குடியிருப்புகளில் வழங்கிய பாடல்களும், வீடுகளில் எஞ்சியுள்ள சிறு நூல்களும் முதியோர் உள்ளபோதே தொகுக்கப்படல் வேண்டும். அவையின்றி எழுதப்படுவது பொன்னின் வரலாறேயன்றித் தங்கவயலின் வரலாறு ஆகாது என்பது நம் துணிபு.