தவணை 23,259 ரூபாய். அசலில் கழிவது 301 ரூபாய்!

"மாசம் 23 ஆயிரம்தானே சார், 20 வருஷத்துல வீடு நமக்குத்தான்!" தாம்பரத்திலும் ஆவடியிலும் பிளாட் வாங்குகிறவர்கள் இப்படித்தான் கணக்குப் போடுகிறார்கள்.

ஒரு குமாஸ்தா 2021-ல் 7 சதவீத வட்டிக்கு 30 லட்சம் வாங்கினார் என்று வைத்துக்கொள்ளுங்கள். மாதத் தவணை 23,259 ரூபாய். 20 வருடத்தில் வட்டி மட்டும் 25 லட்சத்து 82 ஆயிரம்!

இதுவாவது கண்ணுக்குத் தெரிந்த கணக்கு.

வட்டி ஏறியது

2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4-லிருந்து 6.5 சதவீதமாக உயர்த்தியது. ரெப்போவை ஒட்டிய கடன்களுக்கும் அதே இரண்டரை ஏறியது. நம் குமாஸ்தாவுக்கு 9.5 சதவீதம். தவணை மட்டும் மாறவில்லை. அவருக்கும் சந்தோஷம்தான்.

29 லட்சம் பாக்கிக்கு ஒரு மாத வட்டியே 22,958 ரூபாய். அசலில் கழிவது வெறும் 301! இப்படியே கட்டினால் கடன் தீர கிட்டத்தட்ட 46 வருடம் ஆகும். ரிட்டயர் ஆவதோ 60 வயதில்.

தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. அவர் மாதம் சுமார் 4,500 ரூபாய் சேர்த்துக் கட்டினால், பழையபடி 20 வருடத்திலேயே பத்திரம் கைக்கு வந்துவிடும்.