பேப்பர்தானேன்னு ஊதாதீங்க பாஸ்!

கண்டமங்கலத்துல ஏதாவது ஒரு டீக்கடை வாசல்ல தரையைப் பாருங்க. ரெண்டு ரகத் துண்டுகள் கிடக்கும். வெள்ளை பேப்பர் சுத்தினது பெரும்பாலும் ஃபில்டர் வரை எரிஞ்சிருக்கும். பழுப்பு இலை சுத்தினதுல சிலது பாதியிலேயே அணைஞ்சு கிடக்கும். பத்த வெச்சது அதே தீக்குச்சிதான். அப்புறம் ஏன் இந்த வித்தியாசம்?

விஷயம் சுத்தின சமாச்சாரத்துல இருக்கு. 'ஹெம்ப் பேப்பர், ரைஸ் பேப்பர், ப்ளீச் பண்ணாத பேப்பர்... இதெல்லாம் சேஃப் மச்சி'ன்னு ஒரு பேச்சு ஹாஸ்டல் பக்கம் ஓடுது. அதைக் கொஞ்சம் பிரிச்சுப் பார்ப்போமா?

எல்லாம் செல்லுலோஸ்

மரக்கூழ், ஆளிச்செடி நார், ஹெம்ப் தண்டு நார்... எதுல செஞ்சாலும் அடிப்படை செல்லுலோஸ்தான். கரூர் புகளூர்ல டி.என்.பி.எல். கரும்புச் சக்கையில பேப்பர் செய்யறதும், பாண்டிச்சேரியில 1959-ல் ஆரம்பிச்ச அரவிந்தர் ஆசிரம கைக்காகிதக் கூடத்துல பருத்தித் துணிக் கழிவை எடுத்துக்கிட்டதும் இதே செல்லுலோஸுக்காகத்தான்.

சூடு 300 டிகிரி செல்சியஸைத் தொடும்போது செல்லுலோஸ் உடைஞ்சு வாயுவாகும். மிச்சம் கரி. வாயு எரிஞ்சா சுடர். கரி மட்டும் கனன்றா, ஊதுபத்தி மாதிரி சுடரில்லாத நெருப்பு. சிகரெட்டுக்கு வேண்டியது இந்த ரெண்டாவது ரகம்.

அதுக்காகப் பேப்பர்ல ரெண்டு வேலை நடக்கும். ஒண்ணு, கால்சியம் கார்பனேட், அதாவது சுண்ணாம்புக்கல் வகையறா கலப்பாங்க. பேப்பர் வெள்ளையாகும், காத்து புகுற நுண்துளையும் கிடைக்கும். ரெண்டாவது, பொட்டாசியம் சிட்ரேட் மாதிரி உப்பு. கரி கனன்றுகிட்டே இருக்க அது கைகொடுக்கும். நம்ம ஜெராக்ஸ் பேப்பர் சதுர மீட்டருக்கு 70, 80 கிராம் இருந்தா, சிகரெட் பேப்பர் 25 கிராம் பக்கம்தான்.

இலைக்கு மூச்சு முட்டும்

பீடியைச் சுத்துற இலை மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர், ஒடிசா காடுகள்ல கிடைக்கிற தெந்து மரத்தோடது. இதுல பேப்பர் அளவுக்கு நுண்துளை கிடையாது. காத்து உள்ளே போகாது, நெருப்பு தூங்கிடும். அதை எழுப்ப அடிக்கடி இழுக்கணும். அதனாலதான் சிகரெட்டைவிட ரொம்பக் குறைவான புகையிலை இருந்தும், தார், நிகோடின், கார்பன் மோனாக்சைடு எல்லாம் பீடியில சிகரெட்டுக்குச் சமமா, சில சமயம் அதிகமாவே நுரையீரலுக்குப் போகுது. 'இயற்கை இலை'க்குக் கிடைக்கிற பரிசு இதுதான்!

திருச்சி சுருட்டு இன்னொரு கதை. அதுல உறையே புகையிலை இலை. 1887-ல் வந்த முதல் ஷெர்லாக் ஹோம்ஸ் நாவல்லயே, சாம்பலை வெச்சு 'இது திருச்சி சுருட்டு'ன்னு ஹோம்ஸ் கண்டுபிடிப்பார். பொருள் மாறினா சாம்பலும் மாறும்!

அணையும் சிகரெட்

படுத்துக்கிட்டே புகைச்சு, மெத்தை பத்தி எரிஞ்சு செத்தவங்க உலகம் முழுக்க உண்டு. அதனால, பேப்பர்ல நடுநடுவே நுண்துளை குறைஞ்ச பட்டை வெச்சு, இழுக்காம விட்டா தானா அணையுற சிகரெட்டை நியூயார்க் மாநிலம் 2004-ல் கட்டாயமாக்கிச்சு. ஐரோப்பிய யூனியனுக்கு 2011-ல் வந்துச்சு. இது மெத்தையைக் காப்பாத்தும். புகைக்கிறவரைக் காப்பாத்தாது.

ஏன்னா, இழுக்கும்போது நுனியில சூடு 900 டிகிரி பக்கம் போகும். உள்ளே எரியறது புகையிலை. அந்தப் புகையில 7,000-க்கும் மேல ரசாயனம். புற்றுநோய் தரக்கூடியதுன்னு தெரிஞ்சதே எழுபது சொச்சம். நீங்க ஹெம்ப்ல சுத்தினாலும் வாழை இலையில சுத்தினாலும் இந்தக் கணக்கு மாறாது. இந்தியாவுல வருஷத்துக்கு 13 லட்சம் பேருக்கு மேல புகையிலையால சாகறாங்க. விழுப்புரம் மாவட்டத்து டீக்கடையும் இந்தக் கணக்குக்கு வெளியே இல்லை.

கல்வி நிலையத்துக்கு 100 கஜத்துக்குள்ள புகையிலை விற்கக் கூடாதுன்னு 2003-லயே சட்டம் வந்தாச்சு. விட நினைக்கிறவங்களுக்கு 1800-11-2356ன்னு ஒரு இலவச எண் இருக்கு. 'சேஃப் பேப்பர்'னு நீட்டுற ஃப்ரெண்டுக்கு அந்த நம்பரை நீட்டுங்க. பேப்பரை நோட்ஸ் எடுக்க வெச்சுக்கலாம், செமஸ்டர் வருது!