திரைப்படத் திருட்டும் சட்டத்தின் காவலும்

மறையூர்ச் சந்தனக் காட்டில் ஒரு மரம் வயிரம் பாயப் பல பத்தாண்டுகள் வேண்டும். திருடன் அதை வெட்டிச் செல்வதற்கோ ஓர் இரவே போதும். திரைப்படத்தின் நிலையும் அதுவே. நூற்றுக்கணக்கானோர் மாதக்கணக்கில் உழைத்து எடுத்த படத்தைக் கொட்டகையில் கைப்பேசியால் பதிவு செய்து, அன்றே இணையத்தில் பரப்பிவிடுகின்றனர். 2024 ஜூலையில் திருவனந்தபுரத்துக் கொட்டகை ஒன்றில் 'ராயன்' படத்தைப் பதிவு செய்தபோது ஒருவர் பிடிபட்டார்.

1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் ஒரு படத்திற்கு 60 ஆண்டுக் காலப் பாதுகாப்பு அளிக்கிறது. 2023இல் திருத்தப்பெற்ற திரைப்படச் சட்டமோ, இவ்வாறு பதிவு செய்வோர்க்கும் பரப்புவோர்க்கும் 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், குறைந்தது 3 இலட்சம் ரூபாய் அபராதமும் விதிக்கிறது. முடக்கிய தளம் வேறு பெயரில் முளைக்கிறதே எனலாம். புதிய வழக்குத் தொடராமலே அத்தகைய நகல் தளங்களையும் முடக்குவதற்கு, 2019இல் தில்லி உயர் நீதிமன்றம் வழிவகுத்தது.

எனினும், திருட்டுச் சந்தனத்தை வாங்குவோர் உள்ளவரை, காவலர் எத்தனை பேர் நின்றாலும் மரம் வீழத்தான் செய்யும். நேயர்களே, வேற்று மாநிலத்தில் வாழும் நமக்குத் தாய்மொழிப் படம் ஊர் நினைவைத் தருவது. அதைத் திரையிடும் கொட்டகை அருகில் இல்லாமலும் இருக்கலாம். ஆயினும் உரிமம் பெற்ற தளத்தில் படம் வரும்வரை சில வாரங்கள் பொறுத்திருப்பது, அதற்காக உழைத்தோர்க்கு நாம் அளிக்கும் கூலியாகும்.