செயலிழந்த கைக்கணினியை வன்பொருள் நிலையில் மீட்டல்

கைக்கணினி (டேப்லெட்) ஒன்று, ஆற்றல் பொத்தானை எவ்வளவு நேரம் அழுத்தினாலும் திரை ஒளிராமலும், கணினியுடன் இணைத்தாலும் வழக்கம்போல் அடையாளம் காணப்படாமலும் இருந்தால், அது 'பிரிக்' ஆகிவிட்டது என்பர். செங்கல்லைக் குறிக்கும் ஆங்கிலச் சொல் இது. எனினும், இவ்வாறு கைவிடப்படும் கருவிகள் பலவற்றில் செயலி பழுதடைவதில்லை. அதனுள் அழிக்க முடியாதவாறு பதிக்கப்பட்ட ஒரு சிறு நிரல் அப்போதும் இயங்கக்கூடிய நிலையில் இருக்கும். அந்நிரலைச் சென்றடைவதே வன்பொருள் நிலை மீட்பின் அடிப்படை.

மின்சாரக் கோளாறு

முதலில் அறிய வேண்டியது, கோளாறு மின்சாரத்திலா அல்லது துவக்க நிரலிலா என்பது. மின்னேற்றியில் இணைத்தும் சிறிதளவு மின்னோட்டம்கூடப் பாயவில்லை எனில், கம்பி, மின்னேற்றும் துளை, மின்கலம் ஆகியவற்றை முதலில் சோதிக்க வேண்டும்.

லித்தியம் அயனி மின்கலத்தின் பெயரளவு மின்னழுத்தம் பொதுவாக 3.7 வோல்ட், முழுமையாக மின்னேற்றினால் ஏறத்தாழ 4.2 வோல்ட். நெடுநாள் பயன்படுத்தாமல் வைத்தால் மின்னழுத்தம் மிகவும் குறைந்து, மின்கலத்தின் பாதுகாப்புச் சுற்று இணைப்பைத் துண்டித்துவிடும். அப்போது மல்டிமீட்டர் 0 வோல்ட் காட்டலாம். நல்ல மின்னேற்றியில் சில மணி நேரம் வைத்தாலே சில கருவிகள் மீண்டுவிடும். உப்பிய மின்கலத்தை மட்டும் அழுத்தவோ, நெம்பவோ, மின்னேற்றவோ கூடாது, அது தீப்பற்றக்கூடும்.

துவக்க வரிசை

மின்சாரம் சரியாக இருந்தும் கருவி எழவில்லை எனில், துவக்க வரிசையைக் கவனிக்க வேண்டும். செயலிக்குள் உள்ள துவக்க ரோம் (பூட் ரோம்) முதலில் இயங்குகிறது. அது இ.எம்.எம்.சி எனப்படும் நினைவகச் சில்லிலிருந்து துவக்க நிரலை (பூட்லோடர்) எடுத்து இயக்குகிறது. அதன் பின்னரே கருனியும் ஆண்ட்ராய்டு போன்ற இயங்குதளமும் வருகின்றன. மென்பொருளை நிறுவும்போது பிழையான துவக்க நிரல் எழுதப்பட்டால் இச்சங்கிலி அறுந்துவிடும்.

நினைவகத்தில் எதுவுமே கிடைக்காவிட்டால், பல செயலிகளின் துவக்க ரோம் யு.எஸ்.பி வழியாகக் கணினியிடமிருந்து நிரலைப் பெற முயலும். ஆனால் பழுதான நிரல் ஒன்று அங்கே இருந்தால், அதையே சரியானதென எண்ணி அதனிடம் கட்டுப்பாட்டை ஒப்படைத்துவிடும். யு.எஸ்.பி வழி திறப்பதே இல்லை.

எடுத்துக்காட்டு: கிண்டில் ஃபயர்

2011 நவம்பரில் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த முதல் அமேசான் கிண்டில் ஃபயர், 7 அங்குலத் திரையும் ஓமாப் 4430 செயலியும் கொண்டது. துவக்க நிரல் பழுதாகி இயங்காமல் போன இக்கருவிகளை மீட்கப் பயனர்கள் எளிய வழியொன்றைக் கையாண்டனர். பின்மூடியைக் கழற்றி, தாய்ப்பலகையில் நினைவகச் சில்லுடன் தொடர்புடைய ஒரு சோதனைப் புள்ளியை மெல்லிய கம்பியால் தரை இணைப்புடன் தொட்டபடி யு.எஸ்.பி கம்பியைச் செருகினர். அக்கணத்தில் நினைவகத்தைப் படிக்க முடியாத துவக்க ரோம், யு.எஸ்.பி வழிக்கு மாறியது. உடனே கம்பியை எடுத்துவிட்டு, கணினியிலிருந்து தற்காலிக நிரலை அனுப்பி, நல்ல துவக்க நிரலை மீண்டும் எழுதினர். எந்தச் சில்லையும் மாற்ற வேண்டியிருக்கவில்லை. எனினும் தவறான புள்ளியைத் தொட்டால் செயலியே பழுதாகலாம் என்பதால், அந்தந்த மாதிரிக்குரிய பலகைப் படம் இன்றி இதைச் செய்யக்கூடாது.

வரம்புகள்

நினைவகச் சில்லே தேய்ந்துபோயிருந்தால் அதை வெப்பக்காற்றால் பெயர்த்தெடுத்துப் புதிய சில்லைப் பொருத்த வேண்டும். இது தேர்ந்தவர் வேலை. தயாரிப்பாளரின் மின்னொப்பம் இல்லாத நிரலை ஏற்காத செயலிகளில் மேற்கண்ட வழி பெரும்பாலும் பயன்படாது.

கருவியை மீட்பதும் அதிலுள்ள தரவை மீட்பதும் ஒன்றல்ல. அண்மைக் கருவிகளில் தரவு குறியாக்கம் செய்யப்பட்டிருக்கும். அதன் திறவுகோல் செயலியோடு பிணைந்தது. ஆகவே நினைவகச் சில்லை மட்டும் தனியே எடுத்துப் படித்தாலும் படங்களோ ஆவணங்களோ கிடைக்கா. புதிய சில்லைப் பொருத்தினால் கருவி எழும், பழைய தரவு திரும்பாது. எனவே தரவு முக்கியம் எனில், எதையும் அழித்து எழுதுவதற்கு முன்பே அதைப் பழுதுபார்ப்பவரிடம் சொல்லிவிட வேண்டும்.